குப்பை போடவே கவர் வேணுமா? ஈரக் குப்பைலேந்து மஞ்சப்பை வரைக்கும் டெல்டா வீடுகளுக்கு ஒரு முழு வழிகாட்டி

கடைல கவர் வேணாம்னு சொல்லிப் பழகுங்கன்னு யார்கிட்ட சொன்னாலும் திரும்பி ஒரே கேள்வி தான் வரும், "கவர் இல்லாம அப்பறம் குப்பையை எதுல கட்டிப் போடறது?" எங்க மாமியார் மளிகை சாமான் வந்த கவரை எல்லாம் முக்கோணமா மடிச்சு ஒரு பைக்குள்ள திணிச்சு வெச்சிருப்பாங்க, அந்தப் பையும் ஒரு கவர் தான், கேட்டா "குப்பைக்கு ஆகும்"பாங்க. ரெண்டு வருஷம் அவங்களோட மல்லுக்கட்டினேன், ஒண்ணும் நடக்கல. அப்பறம் தான் நான் பிடிச்ச முனையே தப்புன்னு புரிஞ்சுது.

குப்பைல ஒழுகறது எது, நாறுறது எது, நாயை இழுக்கறது எது? சாதம், காய்த்தோல், மீன் கழுவின செதிலு, டிகாஷன் சக்கை. அதாவது ஈரம். பேப்பர், பாட்டில், பால் கவர் இதெல்லாம் ஒரு சாக்குல ஒரு மாசம் கிடந்தாலும் ஒண்ணும் ஆகாது. ஈரத்தை மட்டும் வீட்டிலேயே நிறுத்திட்டா குப்பையைக் கட்டிப் போட கவரே தேவையில்ல, தேவையில்லன்னா கடைல வேணாம்னு சொல்றதும் தன்னால வந்துடும். அதனால இந்த வழிகாட்டில துணிப்பை கடைசில தான் வருது, முதல்ல வாளி.

நாங்க இருக்கறது கும்பகோணத்துல வாடகை மாடி வீடு, நாலு பேர், கொல்லை கிடையாது, மொட்டை மாடில பாதி எங்க பங்கு. இதுல முடிஞ்சா உங்க வீட்டுலயும் முடியும்.

படி 1: ஒரு வாரம் எடை போட்டுப் பாருங்க

எதையும் வாங்கறதுக்கு முன்னாடி ஒரு வாரம் ஈரத்தையும் காஞ்சதையும் தனித்தனியா போட்டு ராத்திரி நிறுத்து காலண்டர்ல எழுதுங்க. எங்க வீட்டுல ஒரு நாளைக்கு முக்கால் கிலோலேந்து ஒரு கிலோ வரைக்கும் ஈரம், வெள்ளிக்கிழமை பூ சேர்ந்தா இன்னும் கூட, இலை போட்டு சாப்பிடற நாள்ல ஒன்றரை கிலோ தாண்டிடும். காஞ்சது வெயிட்டே இல்ல, ஆனா இடத்தை அடைக்கும். இந்தக் கணக்கு எதுக்குன்னா எத்தனை வாளி வேணும்கறது இதுலதான் தெரியும், இல்லன்னா நான் பண்ணின மாதிரி ரெண்டு வாளி வாங்கிட்டு அம்பதாவது நாள் முழிச்சுட்டு நிக்கணும்.

படி 2: மூணு இடம்

2016ல வந்த திடக்கழிவு மேலாண்மை விதியே வீட்டுல ஈரம், உலர்ந்தது, ஆபத்தானது இப்படி மூணா பிரிச்சுக் கொடுக்கணும்னு சொல்லிச்சு. பெருசா ஒண்ணும் பண்ண வேணாம். ஈரத்துக்கு சிங்க் பக்கத்துல மூடி போட்ட ஒரு பழைய எவர்சில்வர் தூக்கு, அடில ஒரு துண்டு பேப்பர் போட்டா ஒட்டாது, கழுவறதும் சுளுவு. காஞ்சதுக்கு கதவுக்குப் பின்னாடி ஆணில மாட்டின ஒரு அரிசி சாக்கு. ஆபத்தானதுக்கு ஒரு செருப்பு டப்பா, பரண் மேல, குழந்தைங்க கைக்கு எட்டாம. தூக்குக்குள்ள கவர் போடாதீங்க, அங்க ஒரு கவர் போட்டா மறுபடி பழைய கதை தான்.

படி 3: உரம் (இங்க தான் நேரம் எடுத்துப் படிக்கணும்)

நம்ம பக்கத்துக்காரங்களுக்கு இது புதுசே இல்ல. எங்க பாட்டி வீட்டுக் கொல்லைல எருக்குழி இருக்கும், சாணம், அடுப்புச் சாம்பல், வைக்கோல்கூளம், காய்த்தோல் எல்லாம் அதுல தான் போகும், கோடைல வயல் காஞ்சு கிடக்கறப்ப வண்டில ஏத்திக் கொண்டு போய்க் கொட்டி ஆத்துல தண்ணி வரதுக்குள்ள பரப்பிடுவாங்க. அந்தக் குழில பிளாஸ்டிக்னு ஒண்ணு விழுந்ததே இல்ல, அதனால பிரிக்கற வேலையும் இல்ல. நாம இப்ப பண்றது அதே எருக்குழியை வாளிக்குள்ள அடக்கறது, அவ்வளவு தான்.

வாளி: பெயிண்ட் அடிக்கறவங்ககிட்ட 20 லிட்டர் காலி வாளி கேட்டா கொடுப்பாங்க, சுவத்துக்கு அடிக்கற தண்ணில கரையற பெயிண்ட் வாளியா பார்த்து வாங்குங்க, இரும்புக்கு அடிக்கற பெயிண்ட், தின்னர் இருந்த வாளி வேணாம். மூணு வேணும். ஒண்ணு நிரம்ப எங்களுக்கு இருபத்தஞ்சு முப்பது நாள் ஆகுது, மூணாவது நிரம்பறப்ப முதல் வாளி கிட்டத்தட்ட தயாரா இருக்கும், அப்படியே சுத்திக்கிட்டே இருக்கும். டிரில் மெஷின் இருக்கற எலக்ட்ரீஷியன் யாராவது வந்தா பக்கவாட்டுல மூணு வரிசை, அடில அஞ்சாறு, சுண்டு விரல் நுழையாத அளவு ஓட்டை போட்டு வாங்கிக்கோங்க. கம்பியைக் காய்ச்சி ஓட்டை போடாதீங்க, உருகற பிளாஸ்டிக் புகை நெஞ்சை அடைக்கும். வெளிப்பக்கம் பழைய கொசுவலைத் துணியை சுத்திக் கட்டிடுங்க, ஈ உள்ள போகாது. ரெண்டு செங்கல் மேல தூக்கி வெச்சு அடில ஒரு பழைய தாம்பாளம். மண் பானை கிடைச்சா இதைவிட நல்லது, பானை தானே மூச்சு விடும், கோடைல சூடும் ஏறாது, ஆனா இடம் மாத்தறப்ப உடையும், என்னுது ஒண்ணு உடைஞ்சுது.

காஞ்சது (சாக்குல போற காஞ்ச குப்பை இல்ல, இலை, வைக்கோல் மாதிரி மக்கற காஞ்சது): உரம் பண்றதுல எல்லாரும் கோட்டை விடறது இங்க தான். காய்த்தோல்ல நைட்ரஜன் ஜாஸ்தி, காஞ்ச இலை வைக்கோல்ல கார்பன் ஜாஸ்தி, மக்க வைக்கற நுண்ணுயிருக்கு ஒரு பங்கு நைட்ரஜனுக்கு 25லேந்து 30 பங்கு கார்பன் இருந்தா தான் ஒழுங்கா வேலை பண்ணும். இந்தக் கணக்கெல்லாம் வாளி பக்கத்துல உக்காந்து போட முடியாது, அதனால ஒரு கிண்ணம் ஈரம் போட்டா அரைக் கிண்ணம் காஞ்சது, சாதம் குழம்பு மிச்சம்னா சமமா ஒரு கிண்ணம். நம்ம பக்கம் காஞ்சதுக்குப் பஞ்சமே இல்ல. வைக்கோலை விரல் நீளத்துக்கு நறுக்கிக்கலாம், தென்னை நார்த்தூள் நர்சரில கட்டியா விக்கும், ஊற வெச்சு பிழிஞ்சு காய வெச்சுக்கலாம், வேப்பிலைச் சருகு புங்கஞ்சருகு தெருவுலயே கொட்டிக் கிடக்கும். அறவை மில்லுல உமி சும்மாவே கிடைக்குதேன்னு நான் முதல்ல அதையே போட்டேன், ஆறு மாசம் ஆனாலும் உமி உமியாவே இருந்துச்சு, அதுல மணல் சத்து மாதிரி சிலிக்கா இருக்கறதால சீக்கிரம் மக்காது, காத்தோட்டத்துக்கு ஒரு கைப்பிடி போட்டா போதும். மரத்தூள் போடலாம், பிளைவுட் அறுத்த தூள் மட்டும் வேணாம், அதுல பசை இருக்கும்.

முதல் நாள்: வாளி அடில உரிச்ச தேங்காய் நார் ரெண்டு விரல் கனத்துக்கு, அதுமேல நாலு விரல் கனத்துக்கு காஞ்ச இலை. ஒரு லிட்டர் தண்ணில ஒரு கைப்பிடி சாணம் கரைச்சு அதுல பாதியை தெளிங்க. சாணம் கிடைக்கலன்னா ரெண்டு நாள் புளிச்ச மோர்.

தினமும்: ராத்திரி பாத்திரம் தேய்ச்சு முடிச்சதும் தூக்கை எடுத்துட்டுப் போங்க. தோலு பெருசா இருந்தா அரிவாள்மனைல ரெண்டு நறுக்கு, சின்னதா இருந்தா சீக்கிரம் மக்கும். வாளில கொட்டுங்க, மேல காஞ்சது போட்டு ஈரம் கண்ணுல படாத அளவு மூடுங்க, வாளி மூடியை சும்மா மேல வெய்ங்க, இறுக்க வேணாம். மூணு நிமிஷ வேலை. வாரத்துக்கு ரெண்டு தடவை ஒரு குச்சியால அடி வரைக்கும் கிளறி விடுங்க, உள்ள கைய வெச்சா இளஞ்சூடா இருக்கும், அப்படி இருந்தா நல்லா நடக்குதுன்னு அர்த்தம். பெரிய குவியல்ல இந்தச் சூடு 55, 60 டிகிரி வரைக்கும் போகும், வாளில அவ்வளவு வராது, வரலன்னு பயப்படாதீங்க.

ஈரம் சரியா இருக்கான்னு பார்க்க ஒரு கைப்பிடி எடுத்து அழுத்திப் பிழிங்க. விரல் இடுக்குல ஒரு சொட்டு ரெண்டு சொட்டு வந்தா சரி, தண்ணியா ஒழுகினா காஞ்சது போடணும், பிடிச்சது உதிர்ந்து போனா கொஞ்சம் தண்ணி தெளிக்கணும்.

என்னோட முதல் வாளி கதையையும் சொல்லிடறேன். ஓட்டை போடாத வாளி, காஞ்சது ஒண்ணும் போடல, மிச்ச சாம்பார் சாதம் எல்லாம் உள்ள போச்சு, நாத்தம் வெளிய வரக்கூடாதுன்னு மூடியை இறுக்கி மேல ஒரு அம்மிக்குழவியை வேற தூக்கி வெச்சேன். பன்னெண்டாவது நாள் கீழ் வீட்டம்மா மேல வந்து "ஏம்மா, எலி ஏதாவது செத்துக் கிடக்கா பாரேன்"னாங்க. திறந்தா முழுக்க புழு. அன்னிக்கு ராத்திரியே எல்லாத்தையும் தூக்கிப் போட்டுட்டு மூணு மாசம் அந்தப் பேச்சே எடுக்கல.

அதுலேந்து கத்துக்கிட்டது. அழுகின முட்டை நாத்தம் வந்தா உள்ள காத்து இல்ல, ஈரம் ஜாஸ்தின்னு அர்த்தம், ரெண்டு கைப்பிடி காஞ்சது போட்டு கிளறினா மறுநாளே குறையும். மூத்திர நாத்தம் மாதிரி மூக்கு எரிஞ்சா நைட்ரஜன் ஜாஸ்தி, அதுக்கும் மருந்து காஞ்சது தான். எறும்பு வந்தா ரொம்ப காஞ்சு போச்சு, தண்ணி தெளிங்க. சின்னச் சின்ன பழ ஈ பறந்தா மேல மூடற காஞ்சது பத்தல. பழுப்பா தட்டையா கொஞ்சம் பெரிய புழு வந்தா அது கருப்பு சிப்பாய் ஈயோட புழு, வீட்டு ஈ கிடையாது, நம்ம சாப்பாட்டுல வந்து உக்காராது, கடிக்காது, குப்பையை வேகமா தின்னு தீர்க்கும், பார்க்க அருவருப்பா இருக்கும் அவ்வளவு தான். எங்க மாமியார் அதைப் பார்த்துட்டு மாடிக்கே ஒரு வாரம் வரல. வெள்ளைப் பூஞ்சை பஞ்சு மாதிரி படர்ந்தா அது நல்லது தான், கிளறி விட்டுடுங்க. தாம்பாளத்துல பழுப்புத் தண்ணி சேர்ந்தா பத்து பங்கு தண்ணி கலந்து பூச்செடிக்கு ஊத்தலாம், நாறிச்சுன்னா வேணாம், வாளில காஞ்சது பத்தலன்னு அது சொல்லுது.

எதைப் போடலாம் எதைப் போடக்கூடாதுன்னு எல்லாரும் ஒரு பட்டியல் கொடுப்பாங்க, அதுல நம்ம வீட்டுச் சாமான் ஒண்ணும் இருக்காது. அதனால நம்ம அடுப்படிலேந்தே வரேன். டிகாஷன் சக்கை தங்கம், தினமும் காலைல ஃபில்டரை தட்டறப்ப நேரா வாளிக்கு, ஈரமான ஐட்டம்னு மட்டும் ஞாபகம் வெச்சுக்கோங்க. வெத்தலைக் காம்பு, வாழைப்பூ மடல், வாழைத்தண்டு நார் எல்லாம் போடலாம், மடலை மட்டும் கிழிச்சுப் போடுங்க, முழுசாப் போட்டா தட்டு மாதிரி ஒண்ணு மேல ஒண்ணு படிஞ்சு காத்தை அடைச்சுடும். சாப்பிட்ட இலையும் அப்படித்தான், நரம்பை உருவிட்டு கிழிச்சுப் போடணும், அதுல ஒட்டியிருக்கற பாயசம் மோர் எல்லாம் வழிச்சுட்டு. சாமிக்குப் போட்ட பூவுல ஒரு சிக்கல் இருக்கு, வாழைநார்ல தொடுத்ததுன்னா அப்படியே போடலாம், நூலுல கட்டினதுன்னா உருவி எடுக்கணும், இப்ப வர்ற நைலான் நூலு மக்கவே மக்காது, சலிக்கறப்ப கையைச் சுத்தும். மாலைல ஜரிகை, மினுமினுப்புத் தாள் இருந்தா அதையும் பிரிச்சுடுங்க. பூக்காரம்மாகிட்ட நார்ல கட்டிக் கொடுங்கன்னு கேட்டா கொடுக்கறாங்க, கேக்கணும் அவ்வளவு தான்.

முட்டை ஓடு காய வெச்சு பொடிச்சுப் போடுங்க. எலுமிச்சை தோலு, ஊறுகாய், உப்பு சேர்ந்தது கொஞ்சமா. மாங்கொட்டை மக்காது, முளைக்கும், எங்க வாளிலேந்து ஒரு வருஷம் நாலு மாங்கன்னு வந்துச்சு. கொட்டாங்கச்சியும் மக்காது, அதை எரிக்கவோ கரி சுடறவங்களுக்கோ கொடுத்துடலாம். பொங்கல் கழிச்சு கரும்புச் சக்கை மலை மாதிரி சேரும், அதை ஈரக் குப்பைன்னு நெனைக்காதீங்க, வெயில்ல காய வெச்சு நறுக்கினா ரெண்டு மாசத்துக்குக் காஞ்சது ஆச்சு.

மீன் கழிவு, எலும்பு வாளில வேணாம், பூனை எலி எல்லாம் வந்துடும். கொல்லை இருந்தா தென்னை மரத்தடில ஒன்றரை அடி ஆழத்துல புதைங்க. மாடிக்காரங்களுக்கு மீன் அமிலம் இருக்கு. மீன் கழிவு எவ்வளவோ அவ்வளவு வெல்லம், ஒரு ஜாடில மாத்தி மாத்தி அடுக்கி மூடி நிழல்ல வெச்சா இருபத்தஞ்சு முப்பது நாள்ல தேன் பதத்துல ஒரு சாறு பிரியும், ஒரு லிட்டர் தண்ணிக்கு அஞ்சு மில்லி கலந்து செடிக்குத் தெளிக்கலாம். நம்மாழ்வார் ஐயா நம்ம திருக்காட்டுப்பள்ளி பக்கத்து இளங்காட்டுல பொறந்தவர், அவர் ஊர் ஊராப் போய் இயற்கை விவசாயம் பேசினதுலேந்து இந்த மாதிரி கரைசல் எல்லாம் நம்ம பக்கம் விவசாயிங்க யாரைக் கேட்டாலும் சொல்லுவாங்க, என்கிட்ட கேக்கறதை விட அவங்ககிட்ட கேளுங்க. ஜாடியை அப்பப்ப லேசா திறந்து மூடணும், இல்லன்னா கேஸ் சேர்ந்து மூடி பறக்கும்.

கொல்லை இருக்கறவங்க கவனத்துக்கு. குழி தோண்டறது தான் முதல்ல தோணும், ஆனா நம்ம பக்கம் ஐப்பசி கார்த்திகைல கிணத்துத் தண்ணி கைக்கு எட்டற அளவு மேல வந்துடும், குழி முழுக்க தண்ணி நின்னு அழுகிப் போயிடும். தரைக்கு மேல செங்கல்லை ஒண்ணுக்கொண்ணு இடைவெளி விட்டு வட்டமா மூணடி உயரத்துக்கு அடுக்குங்க, சிமெண்ட் பூச வேணாம், அதுவே போதும். மேல ஒரு தென்னங்கீத்து. மாடி வாளிக்கும் அடைமழை தான் எதிரி, படிக்கட்டுக் கீழயோ சன்ஷேடுக்குக் கீழயோ நகர்த்திடுங்க, மழைக்காலத்துல சருகு கிடைக்காதுங்கறதால புரட்டாசிலயே ரெண்டு சாக்கு சருகு கட்டி வெச்சுக்கோங்க. சித்திரை வெயில்ல தலைகீழ், ரெண்டு நாளைக்கு ஒரு தடவை தண்ணி தெளிக்கணும்.

வாளி நிரம்பினதும் மேல ஒரு அடுக்கு மண்ணு போட்டு தேதி எழுதி ஓரமா வெச்சுடுங்க. வாரத்துக்கு ஒரு கிளறல். அறுபது எழுபது நாள்ல கருப்பா, உதிரியா, முதல் மழைல மண்ணு வாசனை வருமே அந்த வாசனையோட இருக்கும், சூடு இருக்காது. வாளி நிறைய போட்டது கால் வாளி தான் மிஞ்சும், யாரும் திருடல, தண்ணியும் காத்துமா போயிடுச்சு. மணல் சலிக்கற சல்லடைல சலிச்சு மேல தங்கினதை அடுத்த வாளில போடுங்க. சந்தேகமா இருந்தா ஒரு கொட்டாங்கச்சில இந்த உரத்தைப் போட்டு பத்து வெந்தயம் விதைங்க, பத்துல எட்டு முளைச்சா தயார், முளைக்கலன்னா இன்னும் மூணு வாரம் விடுங்க. தொட்டிக்கு மண்ணு ஒரு பங்கு, நார்த்தூள் ஒரு பங்கு, உரம் ஒரு பங்கு.

படி 4: காஞ்ச சாக்கு

ஈரம் போனதுக்கப்பறம் இந்தச் சாக்கு நாறாது, அதனால அவசரமே இல்ல, மாசத்துக்கு ஒரு தடவை பழைய இரும்புக் கடைக்குப் போனா போதும். விதி ஒண்ணே ஒண்ணு, கழுவி காய வெச்சது தான் சாக்குல போகணும். பால் கவரை வெட்டறப்ப மூலையை முழுசா வெட்டி எடுத்துடாதீங்க, அந்த நகத்தளவு துண்டை யாராலயும் பொறுக்க முடியாது, நேரா சாக்கடைக்குப் போகும். ஓரமா ஒரு வெட்டு வெட்டி அந்தத் துண்டு கவரோடயே தொங்கற மாதிரி விடுங்க, பாலை ஊத்திட்டு ஒரு டம்ளர் தண்ணி விட்டு அலசி (அந்தத் தண்ணி செடிக்கு) சிங்க் மேல க்ளிப்புல மாட்டுங்க.

பாட்டில் டப்பாவுக்கு அடில முக்கோணத்துக்குள்ள ஒரு நம்பர் இருக்கும். 1 தண்ணி பாட்டில், 2 ஷாம்பு பாட்டில் பினாயில் கேன், 4 பால் கவர் மாதிரி மெலிசு, 5 ஹோட்டல் பார்சல் டப்பா. இந்த நாலையும் பெரும்பாலும் எடுத்துப்பாங்க, விலை தான் முன்னபின்ன இருக்கும். நம்பர் 7, நம்பரே இல்லாதது, உள்ள வெள்ளியா பளபளக்கற சிப்ஸ் கவர், சீவல் பாக்கெட், ஷாம்பு சாஷே இதெல்லாம் பெரும்பாலும் பல வகை பிளாஸ்டிக்கோ, பிளாஸ்டிக்கும் அலுமினியமுமோ சேர்த்து ஒட்டினது, பிரிக்கறது கஷ்டம், அதனால வாங்க ஆளில்ல. இதைத் தனியா ஒரு பைல சேர்த்து குப்பை வண்டில கொடுங்க, சுத்தமா காஞ்சிருந்தா அரியலூர் பக்கத்து சிமெண்ட் ஆலை மாதிரி இடத்துக்கு எரிபொருளா அனுப்பறாங்க. ஈரக் குப்பையோட கலந்திருந்தா அதுக்கும் லாயக்கில்ல. டீக்கடை பேப்பர் கப்பும் உள்பக்கம் பிளாஸ்டிக் பூச்சு, பேப்பர்னு நெனைச்சு உர வாளில போட்டுடாதீங்க, நான் போட்டு மூணு மாசம் கழிச்சு மெல்லிசா ஒரு சவ்வை எடுத்தேன்.

அட்டைப்பெட்டி நனைஞ்சா விலை போகாது. கொல்லைல வெச்சு கொளுத்தற வேலை மட்டும் வேண்டவே வேணாம், பைப்பு ஒயரு மாதிரி பிவிசி எரிஞ்சா டையாக்சின்னு ஒரு விஷம் வரும், அது நம்ம மூக்குக்குத் தான் முதல்ல வரும்.

படி 5: செருப்பு டப்பா

பேட்டரி, பல்பு, பழைய மாத்திரை, பாதரச தெர்மாமீட்டர், ஊசி. சேர்ந்ததும் தனியா சொல்லிக் கொடுங்க. நாப்கின், டயப்பர் தினமும் போகணும், பேப்பர்ல சுத்தி மேல சிவப்புப் பேனால ஒரு பெருக்கல் குறி. உடைஞ்ச கண்ணாடி, பிளேடுன்னா நாலு சுத்து பேப்பர், மேல கொட்டை எழுத்துல "கண்ணாடி". எங்க தெருவுக்கு வண்டி ஓட்டிட்டு வர்ற அக்கா ஒரு நாள் உள்ளங்கையைக் காட்டினாங்க, அஞ்சு தையல், யாரோ கவருக்குள்ள உடைஞ்ச பாட்டிலைப் போட்டு முடிச்சு போட்டிருக்காங்க. கவருக்குள்ள என்ன இருக்குன்னு அவங்களுக்கு எப்படித் தெரியும்.

படி 6: இப்ப கவருக்கு வருவோம்

தமிழ்நாட்டுல 2019 ஜனவரி 1லேந்து 14 வகை ஒருமுறை பயன்படுத்தற பிளாஸ்டிக்குக்குத் தடை, கேரி பேக் எந்த கனமா இருந்தாலும் தடை தான். 2021 டிசம்பர்ல துணிப்பையைத் திருப்பிக் கொண்டு வர அரசோட "மீண்டும் மஞ்சப்பை" திட்டம் வந்துச்சு, 2022 ஜூலைலேந்து ஸ்ட்ரா, ஸ்பூன், தட்டு, கப்பு மாதிரி சாமானுக்கு நாடு முழுக்க தடை. ஆனா மார்க்கெட்டுக்குப் போய்ப் பாருங்க, கவர் எங்க போச்சு? கடைக்காரரைச் சொல்லி என்ன பண்ண, கவர் கொடுக்கலன்னா பக்கத்துக் கடைக்குப் போறது நாம தானே.

பெரிய ஏமாத்து இந்தத் துணி மாதிரி இருக்கற பை. ஜவுளிக்கடைல, கல்யாணத் தாம்பூலத்துல, தேங்காய் வெத்தலை போட்டுக் கொடுக்கறாங்களே, கலர் கலரா, அதுல முக்காவாசி துணியே கிடையாது, பாலிபுரொப்பிலீன்னு ஒரு பிளாஸ்டிக், நெய்யாம அழுத்தி ஒட்டினது, அதுவும் அந்த 14 வகைல ஒண்ணு. எப்படிக் கண்டுபிடிக்கறதுன்னா, உத்துப் பாருங்க, புள்ளி புள்ளியா அழுத்தின அச்சு இருக்கும், ஓரத்துல ஒரு இழையை உருவப் பாருங்க, துணின்னா நூல் வரும், இதுல வராது, கிழியும். வெயில்ல மூணு மாசம் கிடந்தா பொடிப் பொடியா உதிரும், அந்தப் பொடியை அள்ளவே முடியாது.

ஏற்கனவே வீட்டுல இருக்கறதைத் தூக்கிப் போட வேணாம், கிழியற வரைக்கும் ஓட்டுங்க. புதுசா துணிப்பை வாங்கவும் ஓட வேணாம். ஒரு பழைய காட்டன் புடவைல எட்டு பை வரும், கைலில நாலு, தைக்கற அக்காகிட்ட கொடுத்தா காதை இரட்டைத் தையல் போட்டுத் தருவாங்க. பை இல்லாதது யாருக்குமே பிரச்சனை கிடையாது, பை இருக்கற இடம் தான் பிரச்சனை. வண்டி டிக்கில ரெண்டு, ஆபீஸ் பைல மடிச்சு ஒண்ணு, வாசக்கதவு கொக்கில ரெண்டு, வீட்டுக்காரர் பேண்ட் பாக்கெட்டுல கர்ச்சீப் அளவு ஒண்ணு. காய் கொட்டினதும் பை மறுபடி கொக்கிக்குப் போயிடணும், அலமாரிக்குப் போச்சுன்னா அன்னியோட சரி.

கடை கடையா சொல்றேன். காய்க்குப் பெரிய பை ஒண்ணு, தக்காளிக்கு மட்டும் தனியா சின்னப் பை, மத்ததை எல்லாம் ஒண்ணாவே கொட்டச் சொல்லுங்க, வீட்டுல வந்து பிரிக்க அஞ்சு நிமிஷம். மீனுக்கு மூடி போட்ட தூக்கு, கவர்ல வாங்கினா அந்தக் கவரைக் கழுவவே முடியாது, தெருவுல போட்டா மாடு நாய் கவரோட முழுங்கும். இட்லி மாவு வாங்கறவங்க டப்பா கொண்டு போங்க, எங்க மாவுக்கடை அக்கா முதல்ல "டப்பாவெல்லாம் அளவு தெரியாது"ன்னாங்க, கரண்டி கணக்குன்னு பேசி வெச்சுக்கிட்டோம். செக்கு எண்ணெய்க்கு எவர்சில்வர் கேன். ஹோட்டல் பார்சல் தான் கஷ்டம், சுடச்சுட சாம்பாரைக் கவர்ல ஊத்திக் கட்டறதைப் பார்க்கவே பகீர்னு இருக்கும், நான் நாலடுக்கு கேரியர் எடுத்துட்டுப் போவேன், முதல் தடவை சிரிச்சாங்க, இப்ப "கேரியர் அக்கா வந்தாச்சு"ன்னு இலைல இட்லியை வெச்சு அடுக்கறாங்க, சட்னியும் ஒரு கரண்டி கூட வருது. "பை இருக்கு"ங்கற வார்த்தையை கடைக்காரர் கவரை உருவறதுக்கு முன்னாடி சொல்லணும், உருவி ஊதிட்டார்னா திரும்ப வாங்க மாட்டார்.

பால், எண்ணெய் பாக்கெட்டை எல்லாம் உடனே ஒழிக்க முடியாது, தடைலயே அதுக்கு விலக்கு இருக்கு, கழுவி சாக்குல போட்டுடுங்க, அதுக்காக ராத்திரி தூக்கம் கெட வேணாம்.

விசேஷம் வந்தா

ஒரு வருஷம் சேர்த்து மிச்சம் பிடிச்சதை எல்லாம் ஒரே கிரகப்பிரவேசத்துல விட்டுடுவோம். தண்ணி பாட்டில் ஆளுக்கு ஒண்ணுன்னு வெச்சா பாதி பாட்டில்ல பாதி தண்ணி அப்படியே இருக்கும். சமையல்காரர்கிட்ட முதல்லயே சொல்லி எவர்சில்வர் டம்ளரை வாடகைக்கு எடுங்க, பாத்திரம் தேய்க்கற ஆள் ஒருத்தர் கூட ஆகும், அவ்வளவு தான். இலைன்னு சொல்றப்ப நிஜ வாழை இலைன்னு அழுத்திச் சொல்லுங்க, பச்சைக் கலர்ல இலை மாதிரியே பிளாஸ்டிக் பூச்சு போட்ட பேப்பர் ஒண்ணு வருது, திருவையாறு பக்கம் வாழையும் காவிரியும் இருக்கற ஊர்ல அதை விரிச்சு சாப்பாடு போட மனசு எப்படித்தான் வருதோ. சாப்பிட்ட இலையை மாட்டுக்காரர் யாராவது எடுத்துப்பார், நடுவுல ஒரு ஸ்பூன், ஒரு கவர் கூட கிடக்காம பார்த்துக் கொடுக்கணும்.

ஆடிப்பெருக்குக்கு காப்பரிசி, கருகமணி, காதோலை எல்லாம் கவர்ல கட்டிட்டுப் போய் சாமானோட கவரையும் ஆத்துல விடறாங்க. தட்டுல எடுத்துட்டுப் போனாலே போதும். ஜூன் 12 மேட்டூர் திறந்தா சில நாள்ல கல்லணை, அங்கேந்து காவிரி, வெண்ணாறு, அரசலாறு, குடமுருட்டின்னு பிரிஞ்சு வர்ற தண்ணிக்கு முன்னாடி என்ன வருதுன்னு பாலத்துல நின்னு பார்த்திருக்கீங்களா? ஒரு வருஷம் சேர்ந்த கவரும் தெர்மாகோலும் தான் உருண்டு வரும். அது வாய்க்கால் மதகுல அடைச்சுக்கிட்டா கடைமடை வயலுக்குத் தண்ணி ஏறாது. எங்க மாமியாரோட அண்ணன் வீடு திருத்துறைப்பூண்டி பக்கம், தண்ணி வர்ற வாரம் அவர் மண்வெட்டி எடுத்துட்டுப் போறது வரப்பு கட்ட இல்ல, மதகுல கவர் இழுக்க. நான் ரெண்டு வருஷம் சொல்லிக் கேக்காத மாமியார் அதைக் கேட்டதுக்கப்பறம் தான் கொஞ்சம் இறங்கி வந்தாங்க.

இப்ப அந்த முக்கோணக் கவர் பை இன்னும் பரண்ல இருக்கு, ரெண்டு வருஷமா அதுலேந்து எடுக்கவும் இல்ல, அதுல சேரவும் இல்ல. உரத்துல பாதி அவங்க கறிவேப்பிலைக்குப் போகுது, கேக்காம எடுத்தா திட்டறாங்க.

ஆரம்பிக்கறவங்க தை மாசிலயே ஆரம்பிச்சுடுங்க, சருகும் இருக்கும் மழையும் இருக்காது. ஐப்பசில ஆரம்பிச்சா முதல் வாளியே வெறுத்துடும். முதல் வாளி மெதுவா தான் போகும், ரெண்டாவதுலேந்து பழைய உரம் ரெண்டு கைப்பிடி அடில போட்டா வேகம் பிடிக்கும், பக்கத்துல யாராவது உரம் பண்றாங்கன்னா அவங்ககிட்டயே ஒரு கிண்ணம் உறை மோர் மாதிரி கேட்டு வாங்கிக்கோங்க.